வாயு மூலையில் ஒரு மேசை விசிறி

திருவண்ணாமலையை ஒட்டிய வேங்கிக்காலில் இருக்கும் ஓர் அரசு அலுவலகத்தில் கஸ்தூரி இளநிலை உதவியாளர். எந்த அலுவலகம் என்பது வேண்டாம். மனுவோடு போய் நின்றவர்களுக்கு எல்லா அலுவலகமும் ஒன்றுதான்.

செங்கம் பக்கத்துக் கிராமம் அவருடையது. வீட்டில் எல்லாரும் வெயிலில் குனிந்து மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, பிடுங்கியவர்கள். தேர்வெழுதி வேலை கிடைத்தபோது அப்பா கேட்டது ஒரே கேள்வி: நிழலில் உட்கார்ந்து பார்க்கிற வேலைதானா? ஆமாம் என்றார் கஸ்தூரி. அது பொய்யில்லை. நிழல் இருந்தது. காற்று இருக்கிறதா என்று அப்பாவும் கேட்கவில்லை, தேர்வாணையமும் சொல்லவில்லை.

அந்தக் கூடத்தில் காற்று பதவி பார்த்துத்தான் வீசும். அதிகாரியின் தனியறையில் ஒரு மின்விசிறி. அதிகாரி பெரும்பாலும் வெளியூர் ஆய்வில் இருப்பார். விசிறி மட்டும் காலையிலிருந்து சாயங்காலம்வரை காலி நாற்காலிக்கு வீசிக்கொண்டிருக்கும். ஆள் இல்லாவிட்டாலும் பதவி உட்கார்ந்திருக்கிறதல்லவா, அதற்கு வியர்க்கக் கூடாது. கூடத்தின் வடமேற்கு மூலையில் கண்காணிப்பாளர் ராமன் தலைக்கு நேர்மேலே இன்னொன்று. அவருக்கு வீசி மிஞ்சியது பக்கத்து மேசைகளுக்கு, அதிலும் மிஞ்சியது தட்டச்சர் நந்தினிக்கு. எதிர்க்கோடியில், தென்கிழக்கு மூலையில், தபால் பிரிவு மேசையில் உட்காரும் கஸ்தூரிக்கு மிஞ்சுவதற்கு எதுவும் மிஞ்சாது. நடுவே ஓர் இரும்பு அலமாரி வேறு, அதிகாரி மாதிரி முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கும்.

தாழ்வாரத்தில், மனு கொடுக்க வருகிறவர்கள் காத்திருக்கும் பெஞ்சுக்கு மேலேயும் ஒரு விசிறி உண்டு. அது சுற்றி யாரும் பார்த்ததில்லை. அதன் சுவிட்சு ராமனின் நாற்காலிக்குப் பின்னால் இருக்கும் போர்டில் இருந்தது. வந்த புதிதில் கஸ்தூரி ஒருமுறை கேட்டார், அதைப் போடலாமே என்று. கரண்டு ஜாஸ்தி ஆகும் என்றார் ராமன். அவர் பேசி முடிக்கும்வரை காலி நாற்காலியின் விசிறி கடகடத்துக்கொண்டிருந்தது.

திருவண்ணாமலைச் சித்திரையைப் பற்றி வெளியூர்க்காரர்களுக்குச் சொல்லிப் புரியவைக்க முடியாது. மலை முழுக்கப் பாறை. பகலெல்லாம் வெயிலைக் குடித்துவிட்டு அதை ஊர்மேல் ஊதும். அந்த வருடம் கஸ்தூரியின் மேசையில் பிசின் பாட்டில் தானாகவே கொதிநிலைக்குப் போய்விடும்போல இருந்தது. ஒட்டுவதற்கு முன்பே தபால் உறைகள் வியர்வையில் ஒட்டிக்கொண்டன. ஒரு சனிக்கிழமை தேரடித் தெருவுக்குப் போய், சார்ஜ் போட்டு ஓட்டும் சின்ன மேசை விசிறி ஒன்றை வாங்கி வந்தார். பச்சை நிறம், தவளை மாதிரி அகன்ற முகம், பின்பக்கம் ஒன்றிலிருந்து நான்குவரை திருகும் குமிழ். பதினெட்டு மணி நேரம் ஓடும் என்று டப்பாவில் அச்சிட்டிருந்தது. கடைக்காரர் அதற்குமேல் ஒரு படி போய், இன்றைக்குப் போட்டால் நாளைக்கு அதுவாகத்தான் நிற்கும், நீங்களாக நிறுத்த முடியாது என்றார்.

ராகு காலத்தை நம்பாத, பல்லி சொல்லை நம்பாத, தும்மினால் நின்றுவிட்டுப் போகாத கஸ்தூரி, டப்பாவில் அச்சிட்டிருந்ததை நம்பினார். எல்லாருக்கும் ஏதாவது ஒரு வேதம் வேண்டியிருக்கிறது.

திங்கட்கிழமை காலை விசிறியை மேசையில் வைத்துக் குமிழை நான்குக்குத் திருகினார். அப்படி ஒரு காற்று. காகிதங்களின்மேல் கல் வைக்க வேண்டியிருந்தது. அலுவலக உதவியாளர் காசி தேநீர் டம்ளர் கொடுக்க வந்தவர் டம்ளரோடு அங்கேயே நின்றுவிட்டார். நந்தினி பேனா கேட்க வந்தார், பேனாவை வாங்கிக்கொண்ட பிறகும் போகவில்லை. அலமாரிக்குப் பின்னால் அன்று ஒரு சிறிய கடற்கரை உருவாயிற்று.

சாப்பாட்டு டப்பாவைத் திறக்கும் முன்பே விசிறி இரண்டு முறை முனகியது, நின்றுவிட்டது.

கடைக்காரர் சார்ஜ் சரியாகப் போட்டீர்களா என்று போனில் கேட்டார். இரவெல்லாம் போட்டேன் என்றார் கஸ்தூரி. மறுநாளும் அதே கதை. அடுத்த நாளும் சோற்றைப் பார்த்ததும் விசிறிக்கு மயக்கம் வந்துவிட்டது. அன்று ராமன் எழுந்து வந்து அலமாரியைச் சுற்றிப் பார்த்தார். விசிறியைப் பார்த்தார், சுவரைப் பார்த்தார், சன்னல் வழியாகச் சூரியன் எங்கே இருக்கிறது என்று பார்த்தார்.

ராமனைப் பற்றி இங்கே கொஞ்சம் சொல்ல வேண்டும். கெட்டவர் இல்லை. யாரிடமும் கை நீட்டாதவர். ஆனால் எது நடந்தாலும் அதற்குத் திசைதான் காரணம் என்பார். கோப்பு காணாமல் போனால் ஈசானியத்தில் குப்பைக்கூடை, கணக்கு உதைத்தால் நைருதியில் பள்ளம். தலையில் முடி கம்மி. இருந்த முடியையெல்லாம் இடது காதோரம் நீளமாக வளர்த்து, உச்சி வழியாக வலது காதுவரை கொண்டுபோய் எண்ணெய் போட்டுப் படியவைத்திருப்பார். பௌர்ணமிதோறும் தலையில் துண்டை இறுக்கிக் கட்டிக்கொண்டு கிரிவலம் போவார். பக்தி என்று எல்லாரும் நினைத்தார்கள்.

"இது அக்னி மூலைம்மா கஸ்தூரி," என்றார் ராமன். "ஃபேன்னா வாயு. அக்னியில வாயுவ வச்சா நெருப்பு அத முழுங்கிடும். ஊரே அக்னித் தலம். அதுல அக்னி மூலை. பேட்டரி இன்னா பண்ணும் பாவம்?"

அதற்குப் பரிகாரமும் அவரிடமே இருந்தது. வாயுவை வாயு மூலையில் வைக்க வேண்டும். வாயு மூலை என்பது வடமேற்கு. வடமேற்கில் யார் மேசை இருக்கிறது என்று எல்லாருக்கும் தெரியும். சாஸ்திரம் எப்போதும் சரியான மேசையைப் பார்த்துத்தான் விழுகிறது.

பரிசோதனைக்காக ஒரே ஒரு நாள் என்று விசிறி கூடத்தைக் கடந்து போனது. ஏற்கெனவே தலைக்குமேல் ஒன்று சுற்றிக்கொண்டிருந்த ராமனுக்கு எதிரே இப்போது இன்னொன்றும் சுற்றியது. சாப்பாட்டு நேரம் வந்தது. கூடமே கையில் டப்பாவோடு வடமேற்கைப் பார்த்தது. விசிறி நிற்கவில்லை. தேநீர் வந்தது, போனது. அலுவலகம் மூடும் நேரத்தில் காசி பூட்டை எடுத்துக்கொண்டு வந்தபோதும் அது சுற்றிக்கொண்டிருந்தது.

மறுநாளும் அப்படியே. மூன்றாம் நாள் விசிறியின் நெற்றியில் சந்தனமும் குங்குமமும் இருந்தன. வெள்ளிக்கிழமை மல்லிகைச் சரம் சாத்தினார்கள். பக்கத்துப் பிரிவுகளிலிருந்து ஆட்கள் வந்து பார்த்தார்கள். ஒருவர் தன் வீட்டு இன்வர்ட்டரை எந்த மூலையில் வைக்கலாம் என்று ஆலோசனை கேட்டார். இன்னொருவர் விசிறிக்கு முன்னால் செருப்பைக் கழற்றினார். செய்தது ஒரு தொழிற்சாலை, வாங்கியது கஸ்தூரி, பெயர் வாயு பகவானுக்குப் போயிற்று.

தினமும் சாயங்காலம் விசிறியை எடுத்துப்போய்ச் சார்ஜ் போடும் வேலை மட்டும் கஸ்தூரிக்கு மிஞ்சியது. கூடத்தில் வேலை செய்யும் ஒரே பிளக் பாயிண்ட் அவர் மேசைக்குக் கீழே, அக்னி மூலையில்தான் இருந்தது. வாயுவுக்குச் சோறு போடும்போது மட்டும் அக்னி ஆகாது என்று யாரும் சொல்லவில்லை.

ஒரு வாரம் பொறுத்து, திருப்பித் தருகிறீர்களா என்று கேட்டார். தர எனக்கென்ன, உன் மூலையில் அது பிழைக்க வேண்டுமே என்றார் ராமன். குழந்தையைத் தத்துக் கொடுத்த தாயிடம் பேசுவதுபோலக் கனிவாகத்தான் சொன்னார். அந்தக் கனிவுதான் கஸ்தூரிக்குச் சுட்டது. பிடுங்கிக்கொண்டேன் என்று சொல்லியிருந்தால் சண்டை போடலாம். திசைமேல் பழி போட்டுவிட்டால் யாரோடு சண்டை போடுவது, கிழக்கோடா?

அவருக்கு வேண்டியது விசிறி மட்டும் அல்ல. காரணம் வேண்டும். தன் மேசையில் அரை நாள் ஓடுவது அங்கே ஒரு நாள் முழுக்க ஓடுகிறது. அதை மறுக்க முடியாது, கண்ணால் பார்த்தாயிற்று. நடப்பது உண்மை, சொல்லும் காரணம் பொய். நடுவில் இருப்பது என்ன என்று தெரியாமல் வாயைத் திறந்தால் காசிகூடச் சிரிப்பார்.

"வுடுக்கா," என்றார் நந்தினி. "வேற ஒண்ணு வாங்கிக்க."

"அதையும் வாயுன்னு சொல்லி வாங்கிட்டா?"

நந்தினி யோசித்துப் பார்த்தார். "அந்த மூலையில எடம் பத்தாதே," என்றார்.

அடுத்த நாள் தபால் கோப்பில் கையெழுத்து வாங்கக் கஸ்தூரி ராமனின் மேசைக்கு முன்னால் நின்றார். ராமன் ஒவ்வொரு தாளாகப் புரட்டிக்கொண்டிருந்தார். நிற்கிறவருக்குப் பார்ப்பதற்கு வேறெதுவும் இல்லாததால் விசிறியைப் பார்த்தார். அதன் கழுத்தில் மல்லிகைச் சரம். அது ஆடவில்லை. மேசையில் தாள்கள். அவற்றின்மேல் கல் இல்லை. மேலே சுற்றும் கிழட்டு விசிறிக்குத் தாளைத் தூக்கும் வலுவில்லை, எதிரே இருக்கும் இதற்குமா? ஒரு தாளும் எழும்பவில்லை. கஸ்தூரியின் மேசையில் இதே விசிறி தபால் உறைகளை நந்தினியின் மடிவரை அனுப்பியதே.

மெல்லக் குனிந்து பின்பக்கக் குமிழைப் பார்த்தார். ஒன்றில் இருந்தது.

நிமிர்ந்தபோது ராமனின் உச்சந்தலை கண்ணெதிரே இருந்தது. இடது காதிலிருந்து வலது காதுக்குப் போகும் அந்த எண்ணெய்ப் பாதை. கிரிவலத்துத் துண்டு ஞாபகம் வந்தது. மலையைச் சுற்றும் பாதையில் காற்றடிக்கும் அல்லவா. தலைக்குமேல் இருக்கும் விசிறிகூட முடியை அழுத்தத்தான் செய்யும், தூக்காது. எதிரே வைத்த விசிறிதான் ஆபத்து. ஆகவே ஒன்று. ஒன்றில் வைத்தால் பேட்டரி நாளெல்லாம் ஓடும், நான்கில் வைத்தால் சாப்பாட்டுக்கு முன்னால் படுக்கும். வாஸ்து அவ்வளவுதான். மூலையில் இல்லை, முடியில் இருந்தது.

கஸ்தூரிக்குச் சிரிப்பு வந்தது. கையெழுத்தான கோப்பை வாங்கி முகத்தை மறைத்துக்கொண்டு அலமாரிக்குப் பின்னால் ஓடிப்போய்ச் சிரித்தார். சிரித்து முடித்ததும் கோபம் வந்தது. ஒரு மனிதரின் முடி கலையாமலிருக்க ஐந்து பூதங்களையும் எட்டுத் திசைகளையும் வேலைக்கு வைத்திருக்கிறார்களே.

திங்கட்கிழமை மனு வாங்கும் நாள். கூடத்தில் கூட்டம். விசிறியைப் பார்க்க வந்த பக்கத்துப் பிரிவுக்காரர்களுக்கு ராமன் அக்னி, வாயு விளக்கத்தைச் சொல்லிக்கொண்டிருந்தார். கஸ்தூரி எழுந்து போய் நின்றார்.

"சார், ஒரு சந்தேகம். வாயு மூலையில எந்த ஸ்பீடுல வச்சாலும் நாள் முழுக்க ஓடுமா?"

"மூலைதான் முக்கியம். ஸ்பீடுக்கும் சாஸ்திரத்துக்கும் இன்னாம்மா சம்மந்தம்?"

"அப்ப நாலுல வைங்க சார்."

ராமனின் கை தானாக இடது காதுக்குப் போனது. தனக்குச் சளி பிடித்திருப்பதாகச் சொன்னார். சளிக்கு வெந்நீர் கொண்டு வருகிறேன் என்றார் காசி, மனமார்ந்த அக்கறையோடு. ஆனால் வந்திருந்தவர்களில் இன்வர்ட்டர்க்காரர் விடவில்லை. நாலில் ஓடுமா என்பது அவருக்கும் தெரிய வேண்டியிருந்தது, வீட்டில் ஏசி வாங்கப் போகிறாராம். எல்லாரும் பார்த்தார்கள். மறுத்தால் சாஸ்திரம் போகும், ஒத்துக்கொண்டால் தலை போகும். ராமன் சாஸ்திரத்தின் பக்கம் நின்றார். அந்த வீரத்துக்காக அவரைப் பாராட்டத்தான் வேண்டும்.

காசி குமிழைத் திருகினார்.

முதலில் மல்லிகைச் சரம் பிய்த்துக்கொண்டு இன்வர்ட்டர்க்காரர் தோளில் விழுந்தது. பிறகு ராமனின் முடி, இடது காதோரத்தைக் கீலாக வைத்து, மெதுவாக ஒரு கதவுபோலத் திறந்து நின்றது. இடது கையால் அதை மூடினார். வலது கையால் கையெழுத்துப் போட்டார். தாள் பறந்தது. தாளைப் பிடித்தால் கதவு திறந்தது, கதவைப் பிடித்தால் தாள் பறந்தது. அந்த நேரம் பார்த்து மேசையில் தொலைபேசி ஒலித்தது. ஆய்வுக்குப் போயிருந்த அதிகாரி. ஒரு கையில் தொலைபேசி, இன்னொரு கையில் குறிப்பெழுதப் பேனா. மூன்றாவது கை இல்லை.

சரிங்க சார், சரிங்க சார் என்று அவர் பேசி முடிக்கும்வரை முடி செங்குத்தாக நின்று அதிகாரிக்கு மரியாதை செய்தது. யாரும் சிரிக்கவில்லை. நந்தினி மட்டும் தட்டச்சுப் பொறிக்குள் தலையை விட்டுக்கொண்டார்.

தொலைபேசியை வைத்த ராமன் கையைத் தூக்கினார், ஆனால் தலைக்குக் கொண்டுபோகவில்லை. பாதியில் நிறுத்தினார். அவர் முகத்தில் ஏதோ நடந்தது. எத்தனையோ வருடங்களாக எண்ணெயும் முடியும் மூடி வைத்திருந்த அந்த வெற்றுத் தலையில் இப்போதுதான் நேராகக் காற்று பட்டது. கண்கள் தாமாக மூடின. மனு கொடுக்க நின்றிருந்தவர்களையும், பக்கத்துப் பிரிவையும், எட்டுத் திசையையும் மறந்து, ராமன் அப்படியே சாய்ந்து உட்கார்ந்தார்.

சாப்பாட்டு நேரத்துக்கு முன்னால் விசிறி இரண்டு முறை முனகியது, நின்றது. வாயு மூலையில், சந்தனப் பொட்டோடு.

கூடம் கஸ்தூரியைப் பார்த்தது. இன்வர்ட்டர்க்காரர் தோளிலிருந்த மல்லிகையை எடுத்து மேசையில் வைத்துவிட்டுப் போனார். கஸ்தூரி கையை நீட்டினார்.

"குடுங்க சார். எம்மூலைக்கும் இந்த மூலைக்கும் வித்தியாசம் இல்லன்னு ஆயிடுச்சில்ல."

ராமன் கண்ணைத் திறந்தார். "ஆமாம்மா, இல்ல," என்றார். "சீக்கிரம் சார்ஜ் போட்டுட்டு எங்கிட்டயே கொண்டா."

கஸ்தூரி அங்கேயே நின்றார். ஒரு வாரமாகத் தேடிக் கண்டுபிடித்த காரணம், எல்லார் முன்னாலும் நிரூபித்த காரணம், ஒரு நொடியில் ஒன்றுமில்லாமல் போயிற்று. சாஸ்திரம் போனால் விசிறி வரும் என்று நினைத்தது தன் முட்டாள்தனம் என்று புரிந்தது. விசிறியைப் பிடித்து வைத்திருந்தது சாஸ்திரமே இல்லை, நாற்காலி. சாஸ்திரம் அதன்மேல் போட்டிருந்த துண்டு.

விசிறியை எடுத்துப்போய்த் தன் மேசைக்குக் கீழே சார்ஜில் செருகினார். சார்ஜ் ஏறும்போது ஓட்டக் கூடாது என்று டப்பாவில் அச்சிட்டிருந்ததை முதல்முறையாக மீறி, செருகியபடியே குமிழை நான்கில் வைத்தார். அது சார்ஜும் ஏறிக்கொண்டு ஓடவும் ஓடியது. உரியவரிடம் வந்தவரை லாபம்.

சாப்பிட்டு முடித்த ராமன் தலையைத் தடவிக்கொண்டு இருப்புக்கொள்ளாமல் தவித்தார். தலைக்குமேல் சுற்றியது அவருக்கு இப்போது காற்றாகவே தெரியவில்லை. இரண்டு முறை காசியை அனுப்பிச் சார்ஜ் ஏறிவிட்டதா என்று கேட்டார். ஏறுவதற்குச் சாயங்காலம் ஆகும் என்று பதில் போனது. மூன்றாம் முறை அவரே வந்தார். விசிறி சார்ஜ் கம்பி செருகியபடியே சுற்றிக்கொண்டிருப்பதைப் பார்த்தார். பேட்டரியே வேண்டாம், இந்த மூலையில் உட்கார்ந்தால் நாள் முழுக்க நாலு என்பது அவருக்கு விளங்கியது. அவர் ஒன்றும் மட்டி அல்ல.

"காசி, என் சேர இங்க போடு."

"இது அக்னி மூலை சார்," என்றார் காசி.

"அக்னியில வாயு வந்து உக்காந்தாத்தான்யா அக்னி அடங்கும். தூக்கியா சேர."

"அப்ப நான் எங்க சார் உக்கார்றது?" என்றார் கஸ்தூரி.

ராமன் அதற்குள் விசிறிக்கு முன்னால் தலையைக் கொடுத்துக் கண்ணை மூடியிருந்தார். "என் எடம் சும்மாதானம்மா கெடக்குது," என்றார் தூக்கத்தில் பேசுவதுபோல. "நாலு நாளைக்கி அங்க உக்காரு."

மறுநாள் அவர் மொட்டைத் தலையோடு வந்தார். ஒரு வேண்டுதல் பாக்கி இருந்ததாம், காலையில்தான் தீர்த்தாராம். தலை முழுக்கச் சந்தனம் பூசி நான்கில் காட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். எந்த வேண்டுதல் என்று யாரும் கேட்கவில்லை. அந்த மனிதரை அவ்வளவு நிம்மதியாக யாரும் பார்த்ததில்லை என்பதால் கேட்கத் தோன்றவும் இல்லை. அலமாரிக்குப் பின்னாலிருந்து சாயங்காலத்தில் சில நேரம் மெல்லிய குறட்டை கேட்கும். அவர் சொன்ன நாலு நாள் இன்னும் முடியவில்லை.

கஸ்தூரி அந்தத் திங்கட்கிழமையே தபால் கட்டுகளோடு வடமேற்குக்குக் குடிபோனார். தலைக்குமேல் விசிறி கடகடவென்று சுற்றியது. வியர்வை காய்ந்தது. சாய்ந்து உட்கார்ந்தபோது தலையில் ஏதோ இடித்தது. திரும்பினார். சுவிட்சு போர்டு.

ஒரு சுவிட்சு அதிகாரியின் காலி நாற்காலிக்கு. அதை அணைத்தார். கூடத்தில் இரண்டு தலைகள் நிமிர்ந்து, பயந்து, குனிந்துகொண்டன. வானம் இடிந்து விழவில்லை. ஓரத்திலிருந்த இன்னொரு சுவிட்சின்மேல் ஒட்டடை படிந்திருந்தது. விரலால் துடைத்துவிட்டுப் போட்டார்.

தாழ்வாரத்தில் ஒரு முனகல், பிறகு ஒரு கிறீச். எத்தனை வருடத் தூசியோ, மொத்தமும் பெஞ்சில் இருந்தவர்கள் தலையில் கொட்டியது. ஆட்கள் சிதறி ஓடினார்கள். பட்டா மாற்ற மாதக்கணக்கில் நடந்துகொண்டிருந்த வெள்ளையம்மாள் மட்டும் எழவில்லை. எழுந்தால் இடம் போய்விடும் என்பது அவருக்கு அனுபவம். புடவைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, விடாமல் தும்மிவிட்டு, அண்ணாந்து பார்த்தார். இறக்கைகள் தட்டுத்தடுமாறிச் சுற்ற ஆரம்பித்திருந்தன.

சன்னல் வழியாகக் கஸ்தூரியைக் கேட்டார்: "ஏம்மா, இது எவ்ளோ நேரம் ஓடும்?"

கஸ்தூரி அலமாரிப் பக்கம் காதைக் கொடுத்தார். பச்சை விசிறி நான்கில் இரைந்துகொண்டிருந்தது, அதோடு சேர்ந்து குறட்டை.

"நான் இங்க உக்காந்திருக்கிற வரைக்கும்," என்றார். "மனுவ எடுத்துக்கினு உள்ள வாங்க."